வெட்டுப்பட்டு விழுவதும் நடிப்புதான்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் ஜப்பானிய நடிகர் செய்சோ ஃபுகுமோட்டோ பற்றிய கட்டுரையில், ‘கடைசிவரை கதாநாயகனாக முடியாமலே போன துணை நடிகர்’ என்று ஒரு வரி. அச்சுக்குப் போகும் முன் யார் கண்ணிலும் அது படவில்லையா? 2014-ல் வந்த ‘உசுமாசா லைம்லைட்’ படத்தின் நாயகனே அவர்தான். அதற்காக மான்ட்ரியலின் ஃபான்டேசியா திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருதும் பெற்றார். தாங்கள் அறியாததல்ல.

பிழையைவிட அந்த ‘முடியாமலே’தான் உறுத்துகிறது. 15 வயதில் கியோட்டோவின் தோயெய் ஸ்டூடியோவில் சேர்ந்தவர் அவர். பெயர் போடாத நடிகர்களுக்கெல்லாம் அங்கே ஒரே பெரிய அறை. அங்கிருந்து வந்து, வாள்சண்டைக் காட்சிகளில் வெட்டுப்பட்டுச் சாவதுதான் அவர் தொழில். ‘கிராரெயாகு’ என்று அதற்குத் தனிப் பெயரே இருக்கிறது.

விழுவதில் என்ன வித்தை என்று கேட்பவர்களுக்குச் சொல்கிறேன். சண்டையில் வீசும் வாள் மூங்கிலில் செதுக்கி வெள்ளித்தாள் ஒட்டியது, கனமே கிடையாது. உடம்பிலும் படாது, இடைவெளியைக் கேமரா கோணம் மறைத்துவிடும். அந்த வாளுக்குக் கூர் தருவது வெட்டுப்படுகிறவரின் உடம்பு. இமைப்பொழுது முந்தினால் வெட்டு விழும் முன்பே செத்தது போலாகும். பிந்தினால் நாயகன் காற்றை வெட்டியதாகிவிடும். நாயகனின் வீச்சு பிசகினாலும், நிற்கும் தூரத்தைக் கூட்டிக் குறைத்துச் சரிக்கட்டுபவர் இவர்தான். குப்புற விழுந்தால் முகம் தெரியாது. அதனால் ஃபுகுமோட்டோ முதுகைப் பின்னால் இறால் போல வளைத்து, முகம் கேமராவுக்குத் தெரியச் சரிவார், ‘எபிசோரி’ என்பார்கள். கை தரையைத் தேடினால் சாவு பொய்யாகிவிடும், தேடாவிட்டால் பின்மண்டைக்கு ஆபத்து. விழுந்த பிறகும், அடுத்து ஓடி வருபவர் இடறாதபடி கிடக்கத் தெரிய வேண்டும். ‘50,000 முறை வெட்டுப்பட்டவர்’ என்பது அவருக்கு வாய்த்த பட்டப்பெயர். கட்டுரையாளரோ அதைக் கணக்கெடுப்பு போல எழுதியிருக்கிறார்.

இது முதல் தடவையும் அல்ல. தங்கள் ஜப்பானிய சினிமா சிறப்பிதழ் இயக்குநர் குரோசாவாவையும் நடிகர் மிஃபூனேயையும் தாண்டவேயில்லை. 1969-ல் தொடங்கிய ‘மிடோ கோமோன்’ தொலைக்காட்சித் தொடர் 2011 டிசம்பரில் நின்றது. வாள்சண்டை நடிகர்களின் வயிற்றில் விழுந்த அடி அது. ஒரு பத்திகூட வரவில்லை. 2021 ஜனவரி 1 அன்று, 77 வயதில், நுரையீரல் புற்றுநோயால் ஃபுகுமோட்டோ காலமானபோது தாங்கள் வெளியிட்டது ஒரே ஒரு படம். அதன் கீழே, ‘டாம் குரூஸுடன் ஒரு ஜப்பானியர்’. ‘தி லாஸ்ட் சாமுராய்’ படத்தில் ஏறக்குறைய வசனமே இல்லாமல், குரூஸை நிழலாகப் பின்தொடர்ந்தே மனதில் நின்றவர் அவர். அவருக்கு ஒரு பெயர்கூடக் கிடையாதா?

அடுத்த இதழில் திருத்தம் வெளியிட வேண்டுகிறேன். கட்டுரையில் இரண்டு இடங்களில் ‘ஃபுஜிமோட்டோ’ என்று இருக்கிறது. அதையும் ஃபுகுமோட்டோ என்று திருத்திவிடுங்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகர்,
தஞ்சாவூர்