செயலாளர் ஆண்டறிக்கை, 2024 – நைரோபி

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் செயற்குழுவினருக்கும் உறுப்பினர் குடும்பங்களுக்கும் வணக்கம்.

பொங்கல், சித்திரைத் திருநாள், பிள்ளைகளின் தமிழ் வகுப்பு எல்லாம் வழக்கம்போல் நடந்தன. கணக்கைப் பொருளாளர் வாசிப்பார். சந்தா முழுவதும் எம்-பெசாவிலேயே, அதாவது போன் வழியாகப் பணம் அனுப்பும் சேவையிலேயே, வந்துவிட்டதால், ரசீதுப் புத்தகத்தோடு வீடு வீடாக அலையும் வேலை ஒழிந்தது. 2007 மார்ச்சில் தொடங்கிய சேவை அது. நாம்தான் தாமதம்.

மாத உரைகளில் அதிகம் பேசப்பட்டது, மக்கள் அனுப்பும் செய்திகளை வரைபடத்தில் காட்டும் உஷாஹிடி என்ற இணையதளம் பற்றிய கூட்டம். 2007 டிசம்பர் தேர்தலுக்குப் பின் மூண்ட கலவரத்தை நம் மூத்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள், லட்சக்கணக்கானோர் வீட்டை விட்டு ஓடினார்கள். நேரடி ஒளிபரப்புக்கு அரசு தடை போட்டிருந்ததால் எங்கே என்ன நடக்கிறதென்றே தெரியவில்லை. அப்போது ஓரி ஒகோலோ என்ற வழக்கறிஞர், நடப்பதையெல்லாம் கூகுள் வரைபடத்தில் குறித்துவைக்க ஆள் இருக்கிறார்களா என்று தன் வலைப்பதிவில் கேட்டார். எரிக் ஹெர்ஸ்மன், ஜூலியானா ரோட்டிச், டேவிட் கோபியா கைகொடுக்க, 2008 ஜனவரியில் சில நாட்களுக்குள் தளம் வந்துவிட்டது.

சாதாரண போனிலிருந்து ஒரு எஸ்எம்எஸ் போதும். ஆனால் வந்த செய்தி அப்படியே வரைபடத்தில் ஏறிவிடாது. ஒருவர் படித்து, இடத்தைத் தேடிப்பிடித்து, வேறு யாரும் இதையே சொல்கிறார்களா என்று பார்க்க வேண்டும். 2010 ஹைட்டி நிலநடுக்கத்தில் உஷாஹிடி பயன்பட்டபோதும் இதே கதைதான். 4636 என்ற எண்ணுக்கு கிரியோல் மொழியில் வந்து குவிந்த செய்திகளை, வெளிநாடுகளில் இருந்த ஹைட்டி மக்கள் இரவு பகலாக மொழிபெயர்த்து இடம் சொன்னார்கள். மென்பொருளைப் பாராட்டுகிற அளவுக்கு இவர்களை யாரும் பாராட்டுவதில்லை என்பது என் எண்ணம்.

நைரோபியின் பெரிய குடிசைப் பகுதியான கிபேராவைப் பற்றியும் பேச்சு வந்தது. நம்மில் பலர் தினமும் காரில் கடந்துபோகிற இடம். 2009 வரை இணைய வரைபடங்களில் அது வெறும் காலி இடம். அந்த ஆண்டு அங்குள்ள இளைஞர்களே ஜிபிஎஸ் கருவியோடு சந்து சந்தாக நடந்து தண்ணீர்க் குழாய், கழிப்பறை, கிளினிக், பள்ளி என்று ஒவ்வொன்றாகக் குறித்தார்கள்.

இனி நம் விஷயம். சங்கத்துக்கென்று தனிச் செயலி வேண்டும் என்ற தீர்மானத்தைச் செயற்குழு ஒத்திவைத்துள்ளது. இளைஞர் அணிக்கு வருத்தம்தான். ஆனால் ஏப்ரல் வெள்ளத்தில் நம் வாட்ஸ்அப் குழுவில் என்ன நடந்தது? வேறெந்த ஊரிலோ எடுத்த பழைய வீடியோக்கள் சுற்றிச் சுற்றி வந்தன. எந்தச் சாலை மூடியிருக்கிறது என்று கேட்டவருக்கு மட்டும் பதில் இல்லை. அதனால் முதலில் பகுதிக்கு ஒருவர் பொறுப்பேற்கட்டும். செய்தி வந்தால் போன் போட்டு விசாரித்து, உறுதியானதை மட்டும் குழுவில் போடட்டும். செயலியை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

பார்க்லண்ட்ஸுக்கும் வெஸ்ட்லண்ட்ஸுக்கும் ஆள் கிடைத்துவிட்டது. சவுத் பி, சவுத் சி பக்கம் இருப்பவர்கள் சாப்பாட்டுக்குப் போகுமுன் என்னிடம் பெயர் கொடுக்கவும்.

நன்றி.

செயலாளர்