டூ கன்ஸில் சாபமும் இல்லை, பேயும் இல்லை

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த அமெரிக்காவின் பழைய ‘ரூட் 66’ நெடுஞ்சாலைப் பயணக் கட்டுரையை ரசித்துப் படித்தேன். ஆனால் அரிசோனாவின் டூ கன்ஸ் வந்ததும் ‘சாபம் பிடித்த பேய் ஊர்’ என்று ஒரே பத்தியில் முடித்துவிட்டது உறுத்தியது. ஃபீனிக்ஸில் வசிப்பவன் என்பதால் அந்த இடத்தைப் பார்த்திருக்கிறேன். அங்கே நடந்த அத்தனையும் மனிதர்கள் செய்த வேலை.

முதலில், அது ஊரே அல்ல. கேன்யன் டயாப்லோ என்ற பள்ளத்தாக்கின் விளிம்பில் நின்ற சாலையோர வணிகக் கடை. அந்தப் பள்ளத்தைக் கடக்க 1915-ல் ஒரு கான்கிரீட் பாலம் கட்டினார்கள். அந்த வழியில் வருகிற கார்கள் அதில் ஏறித்தான் ஆகவேண்டும். சுற்றிலும் பொட்டல். கடை போட இதைவிட நல்ல இடம் ஏது? ஏர்ல் கண்டிஃப், லூயிஸ் கண்டிஃப் தம்பதி 1922-ல் அங்கே 320 ஏக்கர் வாங்கி, பெட்ரோல், சாப்பாடு, சாமான் என்று வியாபாரத்தைத் தொடங்கினார்கள்.

மூன்று வருடம் கழித்து ‘இந்தியன் மில்லர்’ என்று பெயர் எடுத்த ஓர் ஆசாமி அவர்களிடம் இடத்தைக் குத்தகைக்கு எடுத்தார். தன்னை அசல் அப்பாச்சி பழங்குடி என்று சொல்லிக்கொண்டவர். மலைச் சிங்கங்களை (பூமா) கூண்டில் அடைத்து ஒரு விலங்குக் காட்சி வைத்தார். பக்கத்திலிருந்த குகையையும் விடவில்லை. 1878-ல் நவஹோ என்ற இன்னொரு பழங்குடியினர் துரத்திவந்த அப்பாச்சிகள் அதற்குள் ஒளிந்ததாகவும், வாயிலில் மூட்டிய தீயின் புகையில் 42 பேர் இறந்ததாகவும் சொல்வார்கள். மில்லர் அந்தக் குகைக்குள் மின்விளக்கு போட்டு, மேலே போலி இடிபாடுகளைக் கட்டி, உள்ளே கிடந்த மண்டை ஓடுகளை நினைவுப் பொருளாக விற்றார். கட்டுரையாளர் ரசித்து எழுதிய ‘அமானுஷ்யம்’ இப்படிக் கல்லாவில் பிறந்ததுதான்.

1926 மார்ச்சில் தகராறு முற்றி, மில்லர் ஏர்ல் கண்டிஃப்பைச் சுட்டுக் கொன்றார். கண்டிஃப் கையில் ஆயுதம் இல்லை. இருந்தும் வழக்கில் மில்லர் விடுதலை. கல்லறைக் கல்லில் ‘இந்தியன் மில்லரால் கொல்லப்பட்டவர்’ என்று பொறித்திருந்தார்கள். அதைச் சிதைத்ததற்காகத்தான் அவர் சிறைக்குப் போனார்! 1929-ல் கடை எரிந்தது. அப்புறம் மில்லர் நியூ மெக்சிகோ எல்லைப் பக்கம் போய் அங்கேயும் ஒரு குகைக் காட்சி தொடங்கினார்.

இந்தக் கதையில் யாரும் பேசாத ஆள் லூயிஸ். கணவரைப் பறிகொடுத்த பிறகும் நிலத்தை விடவில்லை. சாலை இடம் மாறியபோது அவரும் மறுமணம் செய்த கணவரும் புதுச் சாலை ஓரத்தில் கடையைத் திரும்பக் கட்டினார்கள். பிறகு கை மாறி, விடுதி, கூடார முகாம் எல்லாம் வந்தன. 1971-ல் மறுபடி தீ. அதோடு சரி.

தீ இல்லாவிட்டாலும் அதிக நாள் தாக்குப்பிடித்திருக்கும் என்று நான் நினைக்கவில்லை. ஐ-40 அதிவேகச் சாலை வந்தபின் இங்கே நிற்க ஓட்டுநருக்கு என்ன அவசியம்? வெளியேறும் வழி எண் 230 இன்றும் இருக்கிறது. இறங்கினால் கிறுக்கல் நிறைந்த சுவர்களும், ‘மலைச் சிங்கங்கள்’ என்று ஆங்கிலத்தில் எழுதிய கல் முகப்பும், அந்தப் பழைய பாலமும்தான்.

இதே மாநிலத்தில் கனாடோ என்ற இடத்தில் ஹப்பல் வணிகக் கடை இருக்கிறது. 1878-ல் லொரென்சோ ஹப்பல் வாங்கியது. நவஹோக்கள் கம்பளியும் கம்பளமும் கொண்டுவந்து மாவு, காபி, சர்க்கரை வாங்கிப் போன கடை. அதற்கு வாடிக்கையாளர் அக்கம்பக்கத்துக் குடும்பங்கள். வழிப்போக்கரை நம்பி அது நிற்கவில்லை. 1967-ல் தேசியப் பூங்காத் துறைக்குக் கைமாறிய பிறகும் அங்கே கம்பளம் விற்கிறார்கள். மரத்தரை ஒவ்வோர் அடிக்கும் கிறீச்சிடும்.

தொடரின் அடுத்த பகுதியும் அரிசோனாவில்தான் என்றால், கட்டுரையாளர் ரூட் 66-ஐ விட்டு வடக்கே திரும்பி அந்தக் கடையையும் பார்த்து எழுதட்டும். டூ கன்ஸ் குகைக்குள் இறங்கச் சொல்லி வாசகர்களுக்குக் கொடுத்த ‘டிப்ஸ்’ஸையும் தயவுசெய்து திரும்பப் பெறுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
ஃபீனிக்ஸ், அரிசோனா.