குடிதான் செய்தது என்று சொல்லலாமா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சென்ற இதழில் வந்த மூளை ஆராய்ச்சிக் கட்டுரையைப் படித்தேன். கையை அசைக்கலாம் என்று நமக்குத் தோன்றுவதற்குச் சுமார் 350 மில்லி வினாடி முன்பே மூளையில் அதற்கான அலை எழுந்துவிடுகிறது என்று அமெரிக்க மூளை ஆராய்ச்சியாளர் பெஞ்சமின் லிபெட் 1983இல் சொன்னது உண்மைதான். அதை வைத்து, யாரையும் குற்றம் சொல்ல முடியாது என்று கட்டுரையாளர் முடித்திருப்பதைத்தான் ஏற்க முடியவில்லை. எழுந்த உந்துதலைக் கடைசி நேரத்தில் தடுக்க மனிதனால் முடியும் என்று லிபெட்டே கருதினார். கட்டுரையில் அது இல்லை.

எங்களுக்கு இது வெறும் ஏட்டு விவாதம் அல்ல. இங்கே டர்பனில், சாட்ஸ்வர்த் பகுதியில் பெண்டாட்டியை அடித்தவனுக்குப் பரிந்து பேச வரும் பெரியவர்கள், "அவன் என்னம்மா செய்வான், குடி செய்ய வைக்குது. எல்லாம் தலையெழுத்து" என்கிறார்கள். அதே ஆள் புரட்டாசி பிறந்தால் கறி மீன் தொடுவதில்லை, பாட்டிலைத் திறப்பதில்லை. தைப்பூசத்துக்கு விரதம் இருந்து, வெயிலில் வெறுங்காலோடு காவடி தூக்குகிறான். முருகனுக்காக நிறுத்த முடிகிறவனுக்கு மனைவி கெஞ்சும்போது மட்டும் முடியாமல் போகிறதா? தகுந்த காரணம் கண்டால் தன்னை மாற்றிக்கொள்ளும் திறன் உள்ளவரை ஒருவன் தன் செயலுக்குப் பொறுப்பாளி என்று தத்துவ அறிஞர்களில் ஒரு சாரார் சொல்கிறார்கள். எனக்கு அதுதான் சரியாகப் படுகிறது. குடியை விட்டால் கைநடுங்கி வலிப்பு வரும் நிலைக்குப் போனவர்கள் நோயாளிகள். அவர்களை விரதத்தைக் கொண்டு அளக்கக்கூடாது, வைத்தியத்துக்கு அழைத்துப் போக வேண்டும்.

இன்னொன்று. அவன் கையை ஓங்க வைத்தது விதி என்றால், போலீஸ் நிலையத்துக்கு அவளை நடக்க வைத்ததும் அதே விதிதானே? அவளை மட்டும் ஏன் குடும்பத்தைக் கெடுத்தவள் என்று ஏசுகிறார்கள்?

நம் தென்னாப்பிரிக்க நாட்டு நீதிமன்றமே இந்தச் சிக்கலில் மாட்டியிருக்கிறது. குடிபோதையில் ஒருவர் கூட்டத்துக்குள் வண்டியை விட்டதில் ஒருவர் இறந்தார், ஐந்து பேர் காயமடைந்தார்கள். கிரெட்டியன் வழக்கு என்பார்கள். அந்த ஐவர் விஷயத்தில் தாக்குதல் குற்றம்கூட அவர்மேல் நிற்காது என்று 1981இல் புளூம்ஃபொன்டைன் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. போதை முற்றியவனுக்குக் குற்ற எண்ணமோ பொறுப்பேற்கும் நிலையோ இல்லாமல் போகலாம் என்பது அதன் நியாயம். மக்கள் கொதித்தார்கள். 1988இல் நாடாளுமன்றம் புதுச் சட்டம் கொண்டுவந்தது. போதை என்ன செய்யும் என்று தெரிந்தே குடித்து, அந்த நிலையில் செய்த காரியத்துக்குப் போதையாலேயே தண்டனை இல்லாமல் போனால், அந்த நிலையில் செய்ததே தனிக் குற்றம் என்றது அது. அடித்த நொடியில் அவனுக்குச் சுயநினைவு இருந்ததா என்று தேடிக்கொண்டிருக்காமல், முதல் கிளாஸை நிதானத்தோடு எடுத்த நேரத்துக்கு அந்தச் சட்டம் போகிறது. லிபெட்டின் மில்லி வினாடிகள் அந்த நேரத்தைத் தொடவே இல்லை.

தொடரின் அடுத்த பகுதியில் இந்தச் சட்டத்தைப் பற்றியும் எழுதச் சொல்லுங்கள். கோயில் மண்டபத்தில் சமாதானம் பேசி அந்தப் பெண்களைத் திருப்பி அனுப்புகிற பெரியவர்கள் பலர் உங்கள் வாசகர்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
சாட்ஸ்வர்த், டர்பன்