‘வௌவால்’ என்ற ஒற்றை வரி: ஊராட்சிப் பல்லுயிர் மேலாண்மைக் குழுக்களுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாட்டு ஊராட்சிகளின் பல்லுயிர் மேலாண்மைக் குழுத் தலைவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

2002-ஆம் ஆண்டின் உயிரியல் பல்வகைமைச் சட்டத்தின்கீழ் நீங்கள் பேணிவரும் மக்கள் பல்லுயிர்ப் பதிவேடுகளில் ஒன்றை அண்மையில் புரட்டிப் பார்த்தேன். எந்த ஊராட்சி என்பது இங்கே தேவையில்லை. மூலிகைகளுக்குப் பக்கம் பக்கமாக இடம் தந்திருந்த அப்பதிவேட்டில், பாலூட்டிகள் பட்டியலின் கடைசியில் ‘வௌவால் – கோயிலில் உள்ளது’ என்ற ஒரு வரி மட்டும் இருந்தது. பழந்தின்னும் பெரியதை வௌவால் என்றும், பூச்சி பிடிக்கும் சிறியதைத் துரிஞ்சில் என்றும் அவ்வூர்ப் பெரியவர்கள் பிரித்தே சொல்கிறார்கள். வாய்ப்பேச்சில் உள்ள அந்தப் பாகுபாடுகூடப் பதிவேட்டில் ஏறவில்லை.

துரிஞ்சில் என்பதும் ஒரே உயிரைக் குறிப்பதன்று. கோயில் மண்டபங்களில் தொங்குபவற்றுள் மூக்கில் இலைபோன்ற மடிப்பு உடையவை வேறு குடும்பங்களைச் சேர்ந்தவை. நான் எழுத வந்தது, மூக்கில் மடிப்பு ஏதுமின்றி, வால் முழுவதும் தொடையிடைச் சவ்வுக்குள் அடங்கியிருக்கும் வெஸ்பர்டிலியோனிடே குடும்பத்தைப் பற்றி. மாலைப்பொழுதைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. வௌவால் குடும்பங்களிலேயே மிகப் பெரியதான இதில் 500-க்கும் மேற்பட்ட இனங்கள் உள்ளன. அண்டார்டிகா தவிர எல்லாக் கண்டங்களிலும் இவை வாழ்கின்றன; நார்வேயில் ஆர்க்டிக் வட்டத்துக்கு அப்பாலும் ஓர் இனம் குட்டி ஈனுகிறது, பெருங்கடல் நடுவே கிடக்கும் ஹவாய்த் தீவுகளுக்கும் ஒன்று பறந்து போய்க் குடியேறியிருக்கிறது. சைபீரியாவில் வளையமிட்டு விடப்பட்ட, ஏழு கிராம் அளவே எடையுள்ள இனத்தைச் சேர்ந்த ஒன்று 41 ஆண்டுகள் கழித்து உயிரோடு பிடிபட்டது. சுண்டெலியளவுகூட இல்லாத உடம்புக்கு இவ்வளவு ஆயுளா என்று நானும் முதலில் நம்பவில்லை.

இதே குடும்பம் உங்கள் ஊரிலும் இருக்கிறது. ஆனால் கோயிலில் மட்டும் தேடினால் அகப்படாது. பனையின் கழிக்கப்படாத காவோலைகளுக்கிடையே மஞ்சள் வௌவால்கள் ஒடுங்கியிருக்கும். வாழைத்தோப்பில் காய்ந்து சுருண்டு தொங்கும் சருகுக்குள், செம்மஞ்சளும் கருப்புமான சிறகுகளோடு ஓவிய வௌவால் உறங்கக்கூடும். சிங்களத்தில் இதற்கு வாழை வௌவால் என்றே பெயர். வீட்டுச் சுவர் விரிசல்களிலும் சன்ஷேடு இடுக்குகளிலும் இருப்பவை பிப்பிஸ்ட்ரெல் எனப்படும் மிகச் சிறியவை. சென்ற ஆடிக் காற்றில் எங்கள் வீட்டுச் சன்ஷேடிலிருந்து ஒன்று விழுந்தது. துணியால் பொதிந்து எடுத்தேன். சிறகை மடித்தால் தீப்பெட்டிக்குள் அடங்கிவிடும் உருவம். வாயைத் திறந்து திறந்து மூடியதே தவிர, எனக்கு ஒரு சத்தமும் கேட்கவில்லை. நம் செவிக்கு எட்டாத ஒலியை எழுப்பி அதன் எதிரொலியால் அது என்னை அளந்துகொண்டிருந்தது. சொரசொரப்பான சுவரில் ஒட்டிவிட்டதும் மெல்ல மேலேறி, விளக்கு வைக்கும் நேரத்தில் பறந்துவிட்டது.

இவற்றை எழுதி வைப்பதால் என்ன பயன் என்று கேட்பீர்கள். அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில் 2006-இல் முதன்முதலாகக் காணப்பட்ட வெண்மூக்கு நோய் என்னும் பூஞ்சைத் தொற்று, இக்குடும்பத்து வௌவால்களை லட்சக்கணக்கில் கொன்றது. அந்நோய் பரவிய மாவட்டங்களில் உழவர்களின் பூச்சிக்கொல்லிப் பயன்பாடு ஏறத்தாழ 31 விழுக்காடு கூடியதாக 2024-இல் ‘சயின்ஸ்’ இதழில் வெளியான ஆய்வு கணக்கிட்டது. எந்த மாவட்டத்தில் எப்போது வௌவால்கள் மடிந்தன என்ற பதிவு அங்கே இருந்ததால்தான் அந்தக் கணக்கையே போட முடிந்தது. நம் வயலோரத்தில் நாளை ஒரு கூட்டம் காணாமற்போனால், முன்பு அங்கே இருந்தது என்று காட்ட நம்மிடம் ‘கோயிலில் உள்ளது’ என்ற வரிதான் இருக்கும்.

ஆகவே, வரும் கிராம சபைக் கூட்டத்தில் பதிவேட்டின் அந்த வரியைத் திருத்த எடுத்துக்கொள்ளுமாறு கேட்டுக்கொள்கிறேன். இனப்பெயர் தெரியவில்லையே என்று தயங்க வேண்டாம். பிப்பிஸ்ட்ரெல் இனங்களைப் பார்வையால் மட்டும் பிரித்தறிவது வல்லுநர்களுக்கும் கடினம். ஊர் வழங்கும் பெயர், அடையும் இடம், மாலையில் வெளியேறும்போது எண்ணிய தொகை, நாள் ஆகியவை போதும். எதையும் வெறுங்கையால் தொடவோ பிடிக்கவோ கூடாது என்பதை மட்டும் எண்ணச் செல்பவர்களிடம் கண்டிப்பாகச் சொல்லுங்கள். பனையேறிகளையும் வாழை விவசாயிகளையும் கேட்காமல் இந்தப் பகுதியை நிரப்பாதீர்கள். ஆட்சியர் அனுமதியின்றிப் பனையை வெட்டக் கூடாது என்ற விதி மரத்தைக் காக்கிறது. காவோலையைக் கழித்து எரிக்கும்போது உள்ளே இருப்பதைக் காப்பதில்லை. ஆகையால், கழிப்பதற்கு முன் மட்டையைத் தட்டிப் பார்க்கும்படியும், துரிஞ்சில் இருந்தால் அந்த மரத்தைச் சில வாரங்கள் விட்டுவைக்கும்படியும் அக்கூட்டத்திலேயே அவர்களிடம் கேட்டுக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
ஊராட்சி வாசி ஒருவர்