ஆறு மாதக் கெடு கிடைக்காத வழக்குகளுக்காக

மாண்பமை சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி அவர்களுக்கும் மதுரைக் கிளை நீதியரசர்களுக்கும் வணக்கம்.

கீழமை நீதிமன்றத்தில் உரிமையியல் வழக்கு இழுத்துக்கொண்டே போகும்போது, கீழமை நீதிமன்றங்களை மேற்பார்வையிடும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்குத் தரும் அரசமைப்புச் சட்டத்தின் 227ஆவது பிரிவின்கீழ் மதுரைக் கிளையில் மனுச் செய்து, ஆறு மாதத்துக்குள் வழக்கை முடிக்க உத்தரவு பெற்று வருவது திருநெல்வேலிப் பக்கம் பழகிப்போன வழியாகிவிட்டது. வேறு போக்கற்ற பலருக்கு அது கைகொடுத்திருக்கிறது. ஆயினும், கெடு பெற்ற வழக்கைக் கீழமை நீதிபதி முன்னுரிமை தந்து எடுக்கும் நாளில், மதுரையில் வழக்கறிஞர் வைக்க வசதியில்லாதவரின் அதைவிடப் பழைய வழக்குக்கு மீண்டும் வாய்தா விழுகிறது. மிக அசாதாரணமான சூழலில் தவிர இத்தகைய கெடு விதிக்கலாகாது என உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 29.02.2024 அன்று கூறியதற்கும் இந்த ஏற்றத்தாழ்வே ஒரு காரணம்.

தாமதம் எங்கே பிறக்கிறது என்பதை பாகப்பிரிவினை வழக்காடும் குடும்பத்தைச் சேர்ந்தவன் என்ற முறையில் சொல்கிறேன். தாமிரபரணிப் பாசன நஞ்சையை நேரில் சென்று அளந்து அறிக்கை தர, நீதிமன்றத்தின் சார்பில் ஒரு வழக்கறிஞர் ஆணையராக நியமிக்கப்படுகிறார். வயலில் பிசானப் பருவ நெல் நிற்கிறது, அறுப்பு முடியட்டும் என்கிறார்கள். அறுப்பு முடிந்தால் சர்வேயருக்கு வேறு பணி வந்துவிடுகிறது. அதற்குள் அடுத்த பருவமான கார் நெல் நடவு தொடங்கிவிடுகிறது. இதற்கிடையே முதிய பிரதிவாதி ஒருவர் காலமாகிறார். தொண்ணூறு நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்கத் தவறினால் அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போகும், அதாவது முடிந்துபோனதாகிவிடும். பிறகு தாமதத்தை மன்னிக்க ஒன்று, அற்றுப்போனதை நீக்க ஒன்று, வாரிசுகளைச் சேர்க்க ஒன்று என மூன்று மனுக்கள், ஒவ்வொன்றுக்கும் எதிருரை, ஒவ்வொன்றுக்கும் வாய்தா. எங்கள் வழக்கில் அசல் விசாரணையைவிட இம்மனுக்களே அதிகக் காலத்தைத் தின்றன. ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்ற விதி 2002 ஜூலை முதல் நடப்பில் இருந்தும், அதை நினைவூட்டும் துணிவு சாதாரண வழக்காளிக்கு வருவதில்லை.

தீர்ப்பு வந்தாலும் பாகப்பிரிவினையில் கிடைப்பது யாருக்கு எவ்வளவு பங்கு என்று மட்டும் சொல்லும் முதல்நிலைத் தீர்ப்பாணைதான். சொத்தைப் பிரித்துத் தரும் இறுதித் தீர்ப்பாணைக்குத் தனி மனு, சொத்தைக் கைப்பற்ற நிறைவேற்று மனு என்று அது மேலும் நீள்கிறது. நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்தில் முடிக்கும்படி உச்ச நீதிமன்றம் 2021இலும், தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் 2025 மார்ச்சிலும் ஆணையிட்டிருக்கிறது.

ஆகவே, தங்கள் மேற்பார்வை அதிகாரத்தை மனுச் செய்தவருக்கு மட்டுமன்றி வரிசை முழுவதற்கும் பயன்படுத்துமாறு வேண்டுகிறேன். ஒவ்வொரு நீதிமன்றமும் மிகப் பழைய வழக்குகளின் பட்டியலை ஆண்டு வாரியாக அறிவிப்புப் பலகையில் ஒட்டி, அந்த வரிசையிலேயே விசாரிக்கட்டும். ஆணையர் அறிக்கைக்கு நாள் குறிக்கையில் பயிர்ப் பருவத்தைக் கேட்டறிந்து, சர்வேயர் வரும் தேதியை வருவாய்த்துறையிடம் முன்கூட்டியே எழுத்தில் பெறட்டும். முதியவர்கள் தரப்பினராக உள்ள வழக்குகளில் அவர்களது சாட்சியத்தை முதலில் பதிவு செய்யட்டும். காலியாகும் நீதிபதிப் பணியிடங்களும் நீதிமன்ற ஆணைகளை நேரில் நிறைவேற்றும் அமீனாக்களின் பணியிடங்களும் தாமதமின்றி நிரப்பப்படாவிட்டால் இவற்றில் எதுவும் நடவாது என்பதால், அதை அரசிடம் தாங்களே வலியுறுத்த வேண்டும் என்றும் கேட்டுக்கொள்கிறேன்.

இங்ஙனம்,
பாகப்பிரிவினை வழக்கின் வாதிகளுள் ஒருவர்,
அம்பாசமுத்திரம் வட்டம், திருநெல்வேலி மாவட்டம்