நீலியை எழுதப்போகும் வசந்திக்கு

அல்சூர், பெங்களூர்

அன்புள்ள வசந்தி,

கடிதம் வந்தது. கண் அறுவை நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. சொட்டு மருந்து விடுகிறவரை படிக்காதே என்று சொன்னால் நீ கேட்கப்போவதில்லை. அதனால்தான் இவ்வளவு பெரிய எழுத்து. இங்கே மருமகளுக்கு மாற்றல் கிடைத்து எல்லாரும் ஒரே ஊரில் ஆயிற்று. ஏரிக்கரையில் வள்ளுவர் சௌக்கியம். 1991இலிருந்து 2009 வரை 18 வருஷம் அந்தச் சிலையை மூடியே நிறுத்தியிருந்தார்களே, பேய்க்கதை எழுதுகிற யாரும் அதைத் தொடாமல் விட்டது எனக்கு இன்னும் ஆச்சரியம்தான்.

நீ நீலியை வைத்துப் பேய்க்கதை எழுதப்போகிறாய் என்றதும் உன் வீட்டுக்காரர் கேட்டாராமே, "இருக்கிற பயம் போதாதா, உட்கார்ந்து வேறு எழுதணுமா?" என்று. நல்ல கேள்வி. இருக்கிற பயத்துக்கு உருவமும் இல்லை, முடிவும் இல்லை. ரத்தப் பரிசோதனை முடிவு எப்போது வரும், வந்தால் என்ன சொல்லும், ஒன்றும் நம் கையில் இல்லை. கதையில் வருகிற பயத்துக்கு ஆரம்பம் உண்டு, எல்லை உண்டு, விதி உண்டு. வேண்டாமென்றால் மூடி வைத்துவிடலாம். நெஞ்சு அடித்துக்கொள்வது மட்டும் இரண்டுக்கும் ஒன்றுதான். ஆன் ராட்கிளிஃப் என்ற ஆங்கில நாவலாசிரியை எழுதிய ஒரு கட்டுரை, அவர் இறந்து 3 வருஷம் கழித்து 1826இல் அச்சானது. வரப்போவதை எண்ணி நடுங்கும்போது மனசு விரிகிறது, விழித்துக்கொள்கிறது. கோரத்தை நேரே கண்டு உறையும்போது சுருங்கிப்போகிறது என்று அதில் பிரிக்கிறார். 200 வருஷமாக இந்தத் துறையில் இதைவிட உபயோகமான பேச்சை நான் படித்ததில்லை. முதல் வகையை எழுதுவதுதான் வேலை. இரண்டாவது வகைக்கு ரத்தம் இருந்தால் போதும், யார் வேண்டுமானாலும் எழுதிவிடலாம்.

விதி என்றேனே, அதைத்தான் உன்னிடம் முக்கியமாகச் சொல்ல வேண்டும். பயம் பேயில் இல்லை, கொடுத்த வாக்கில் இருக்கிறது. இந்த ஊரிலேயே பார். 1990களில் பெங்களூரிலும் கர்நாடகத்தின் மற்ற ஊர்களிலும் கதவுகளில் கன்னடத்தில் 'நாளே பா' என்று எழுதி வைத்தார்கள், நாளைக்கு வா என்று. ராத்திரி ஒருத்தி வந்து தெரிந்தவர் குரலில் கூப்பிடுவாள், பதில் கொடுத்தால் உயிர் போகும், எழுத்தைப் பார்த்தால் திரும்பிப் போய் மறுநாள் வந்து அதையே மறுபடி படிப்பாள் என்பது பேச்சு. கேட்டால் சிரிப்பு வரும். கன்னடம் படிக்கத் தெரிந்த, சொன்ன சொல்லைக் கேட்கிற பேய்! ஆனால் கதவுக்கு இந்தப் பக்கம் இருக்கிறவள் நிலையை யோசி. அம்மா குரல் கேட்கிறது. பதில் சொல்லாமல் இருக்க வேண்டும். நிஜமாகவே அம்மாவாக இருந்தால்? பேயை யாரும் வர்ணிக்கவே இல்லை, கதை வேலை செய்துவிட்டது. வேதாளமும் இப்படித்தான்: பதில் தெரிந்தும் பேசாவிட்டால் விக்கிரமாதித்தன் தலை வெடிக்கும், பேசினால் பிணம் மரத்துக்கே திரும்பிவிடும். இரண்டு பக்கமும் அடைத்த விதி கிடைத்துவிட்டால் பாதிக் கதை முடிந்த மாதிரி.

இப்போது உன் நீலி, தன்னைக் கொன்றவனைப் பேயாக வந்து பழிவாங்குகிறவள். கதை வழக்கு பலவிதம். காசியில் கல்யாணம் செய்து அழைத்து வந்தவளை வழியில் கொன்றான் என்றும், தாசியை மடியில் படுக்கவைத்து நகைக்காகக் கொன்றான், கள்ளிச்செடிதான் சாட்சி என்றும். எதை எடுத்தாலும் எலும்புக்கூடு இதுதான். கொன்றவன் மறுபிறவியில் வணிகன். கூடவே ஒரு கத்தி வைத்திருக்கிறான், அது இருக்கும்வரை அவளால் நெருங்க முடியாது. அவள் கள்ளிக்கட்டையைக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, மனைவி வேஷத்தில் பழையனூருக்கு வருகிறாள். சபையில் 70 வேளாளர். இவள் பேய் என்கிறான் அவன். புருஷன் கைவிட்டுவிட்டான் என்று அழுகிறாள் அவள். ராத்திரி இருவரும் ஒரே இடத்தில் தங்கட்டும் என்று சபை சொல்ல, கத்தியால் என்னைக் கொன்றுவிடுவான் என்கிறாள். நியாயமான பேச்சு. கத்தியை வாங்கி வைத்துக்கொண்டு, உன் உயிருக்கு நாங்கள் பொறுப்பு என்று அவனுக்கு 70 பேரும் வாக்குக் கொடுக்கிறார்கள். விடிந்தால் பிணம். வாக்குக்காக 70 பேரும் தீயில் இறங்குகிறார்கள். பழையனூரை ஒட்டிய திருவாலங்காட்டுப் பதிகத்தில் சம்பந்தர் இதைத் தொட்டுச் செல்கிறார் என்றால் அப்போதே எல்லாருக்கும் தெரிந்த கதை.

இதில் எது நடுங்க வைக்கிறது? அவனைக் கொல்கிற இடமா? கத்தியை வாங்கி வைக்கிற இடம். 70 நல்ல மனிதர்கள், இரக்கப்பட்டு, விசாரித்து, சரியென்று பட்டதைச் செய்கிறார்கள். அதனாலேயே ஒருவன் சாகிறான், அதனாலேயே அவர்களும் சாகிறார்கள். படிக்கிறவனுக்கு முன்னாலேயே தெரியும், அவர்களுக்குத் தெரியாது. இன்றைக்கு வருகிற இருண்ட மறுகூறல்கள் பெரும்பாலும் சறுக்குவது இங்கேதான். நீலிக்கு என்ன கொடுமை நடந்தது என்று பாதிக் கதையை முற்பிறவிக்குக் கொடுத்துவிடுகிறார்கள். அதைப் படித்ததும் வாசகன் அவள் கட்சி. கட்சி சேர்ந்த பிறகு பயம் ஏது? பழிவாங்குதல் நீதியாகிவிடும், நீதி நிம்மதி தரும். அவளுக்கு நியாயம் இருக்கட்டும், மொத்தம் 5 வரிக்கு மேல் வேண்டாம். அதையும் அவளே சொல்ல வேண்டாம், கள்ளிச்செடியைப் பற்றிப் போகிறபோக்கில் யாராவது சொல்லட்டும்.

நீ அதை அபார்ட்மெண்டுக்குக் கொண்டுவரப் போவதாக எழுதியிருக்கிறாய். சரியான இடம். 70 வேளாளருக்கு 70 வீடு, சபைக்கு அசோசியேஷன் கமிட்டி, உயிருக்குப் பொறுப்பு என்ற வாக்குக்கு லெட்டர்ஹெட்டில் செயலாளர் கையெழுத்து. கேட்டில் குழந்தையோடு ஒருத்தி நிற்கிறாள், செக்யூரிட்டி வீட்டுக்குப் போன் செய்கிறார், எனக்குக் கல்யாணமே ஆகவில்லை என்கிறான் இவன். வாட்ஸ்அப் குழுவில் அவள் படம் வந்த பத்து நிமிஷத்தில் ஊரே அவள் பக்கம். இதுவரை தானாக ஓடும். கத்திக்குப் பதில் என்ன என்பதில்தான் நீ நிறைய நேரம் செலவழிக்க வேண்டும். நிஜக் கத்தி வைத்தால் போலீஸ் விஷயமாகிவிடும். நான் யோசித்தது படுக்கையறைச் சாவி: என்னை உள்ளே வைத்துப் பூட்டிவிடுவார் என்று அவள் சொல்ல, கமிட்டி சாவியை வாங்கி அலுவலக மேஜையில் வைக்கிறது. அவ்வளவுதான், இனி உள்ளிருந்தும் பூட்ட முடியாது. எதை வைத்தாலும் அதைப் பறிப்பது மனிதாபிமானமாகத் தெரிய வேண்டும்.

கள்ளிக்கட்டைக் குழந்தை அடுத்த சிக்கல். மாயமாகக் காட்டினால் குழந்தைப் பொம்மைப் படமாகிவிடும். எடையை மட்டும் வை: தூக்கிக்கொண்ட பக்கத்து வீட்டு மாமி, "என்னடியம்மா, இப்படிக் கனக்கிறது" என்று சொல்லிச் சீக்கிரம் கீழே விடட்டும். பிறகு இடுப்புச் சேலையில் ஒரு முள். இரண்டு போதும், மூன்றாவது தடயம் வைத்தால் வாசகன் முந்திக்கொள்வான். சிசிடிவி பற்றி எல்லாரும் கவலைப்படுகிறார்கள், கேமராவைக் கெடுத்துவிடுகிறார்கள். கெடுக்காதே. கேமராவில் அவள் தெளிவாகத் தெரியட்டும், குழந்தையும் தெரியட்டும். ஆதாரம் எல்லாம் அவள் பக்கம் இருக்கும்போதுதான் அவன் தனியாகிறான்.

முடிவு எனக்கும் பிடிபடவில்லை. அந்தக் காலத்து 70 பேர் தீயில் இறங்கினார்கள். இந்தக் காலத்துக் கமிட்டி வக்கீல் வைக்கும். அது உண்மை, ஆனால் நையாண்டியாகிவிடும் அபாயம் உண்டு. ஒவ்வொருவராகச் சாகடித்தால் மலிவு. மினிட்ஸ் புத்தகத்தில் அந்த வாக்கு எழுதியிருக்கிற பக்கத்தைக் கிழிக்கலாமா என்று 70 பேரும் கூடிப் பேசுகிற கூட்டத்தோடு நிறுத்தலாமோ என்று தோன்றுகிறது. யோசித்துப் பார்.

பழைய கதையில் எவ்வளவு மாற்றலாம் என்று கேட்டாய். புதுமைப்பித்தன் 1943இல் எழுதிய 'சாப விமோசன'த்தை எடுத்து அந்தக் கண்ணோடு மறுபடி படி. ராமாயணத்தில் எதையும் அவர் உடைக்கவில்லை. சீதையைத் தீயில் இறங்கச் சொன்ன செய்தி அகலிகை காதில் விழுகிறது, தனக்கு விமோசனம் தந்தவனே அதைக் கேட்டான் என்று தெரிகிறது, அவள் மறுபடி கல்லாகிறாள். இரண்டு கதைகளும் முன்பே இருந்தன. ஒன்றை இன்னொன்றுக்குத் தெரியப்படுத்தியதுதான் அவர் செய்த வேலை. பேய் இல்லை, ரத்தம் இல்லை. மாற்ற வேண்டியது ஒன்று போதும், அதன் விளைவை மட்டும் கடைசிவரை விடாமல் துரத்த வேண்டும்.

இருட்டாக்குவது என்ற பேச்சே எனக்குக் கொஞ்சம் சந்தேகம், வசந்தி. பல கதைகள் பிறக்கும்போதே இருட்டு, பின்னால்தான் சுண்ணாம்பு அடித்தார்கள். 1697இல் பெரோ என்ற பிரெஞ்சு எழுத்தாளர் அச்சிட்ட சிவப்புத் தொப்பிச் சிறுமியை ஓநாய் தின்றுவிடுகிறது, அதோடு கதை சரி, காப்பாற்ற எவனும் வரவில்லை. கிரிம் சகோதரர்களின் 1812 பதிப்பில் ஸ்னோ ஒயிட்டைக் கொல்லச் சொல்வது பெற்ற தாய். 1819இல் அவளை மாற்றாந்தாய் ஆக்கினார்கள். பெற்றவள் செய்வாளா என்ற கேள்வியைத் தாங்க முடியாமல் செய்த மாற்றம் அது, பயம் எங்கே இருந்தது என்று அதுவே காட்டிக்கொடுக்கிறது. நம் நல்லதங்காளில் பெற்றவளேதான் 7 குழந்தைகளையும் கிணற்றில் போடுகிறாள். அதை இன்னும் இருட்டாக்க என்ன இருக்கிறது? அந்த மாதிரிக் கதையில் பஞ்சத்துக்கு முந்தின ஒரு நல்ல நாளைச் சேர்த்தால் கனம் கூடும்.

மொழி விஷயம். 'திகிலூட்டும்', 'அமானுஷ்யமான', 'பயங்கரமான' மூன்றையும் முதல் திருத்தத்திலேயே அடித்துவிடு. மூன்று புள்ளிகளையும் ஆச்சரியக்குறிகளையும் கூட. காரைக்காலம்மையார் அதே ஆலங்காட்டில் ஒரு பெண்பேயைப் பாடுகிறார்: வற்றிய முலை, புடைத்த நரம்பு, குழிந்த கண், ஒட்டிய வயிறு, சிவந்த மயிர், நீண்ட இரு பற்கள், உயர்ந்த கணுக்கால். உடம்பின் பாகங்களை அடுக்குகிறார், பயப்படச் சொல்வதே இல்லை. பேயைச் செந்தமிழில் பேசவைக்காதே. உன் நீலி மாம்பலம் தமிழோ கோலார் தமிழோ பேசட்டும், பேச்சில் பிசிறே இருக்கக்கூடாது. கனவாகப் போய்விட்டது, அவனுக்குப் பைத்தியம் என்ற இரண்டு வாசல்களையும் ஆரம்பத்திலேயே அடை. மணிமேகலையில் சார்ங்கலன் என்ற சிறுவன் சுடுகாட்டுப் பேயைக் கண்டு ஓடிவந்து, அதற்கு உயிரைக் கொடுத்துவிட்டேன் என்று அம்மாவிடம் சொல்லிச் செத்துப்போகிறான். சாத்தனார் அதைக் கனவு என்று சமாளிக்கவில்லை. அம்மா தெய்வத்தோடு வாதாடுகிறாள், தெய்வத்தாலும் உயிரைத் திருப்பிக் கொடுக்க முடியவில்லை.

நீளம் 3000 வார்த்தைக்குள் வை. கேட் 400, கமிட்டி விசாரணை 1500, ராத்திரி 300க்கு மேல் போகாமல், மீதி காலையும் கூட்டமும். எல்லாரும் ராத்திரியை நீட்டுவார்கள்; அறைக்குள் நீ போகவே வேண்டாம், கீழே செக்யூரிட்டி கூண்டிலிருந்து அந்த ஜன்னல் விளக்கைப் பார்த்தாலே போதும். விசாரணையை முதலில் எழுதி எனக்கு அனுப்பு. அதில் நானே அவள் பக்கம் சாய்ந்து சாவியை வாங்கச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் அந்தப் பக்கத்தைத் திருப்பி அனுப்பிவிடுவேன். நீலி கதையின் பழைய பாடல் வடிவம் ஏதாவது தமிழ்ச் சங்க நூலகத்தில் இருக்கிறதா என்று அடுத்த வாரம் பார்த்து, கிடைத்தால் நகல் எடுத்து அனுப்புகிறேன். கண்ணாடி மாற்றியதும் எண் என்னவென்று எழுது.

அன்புடன்,
கமலா