எண்ணை வாசித்துச் சொன்ன அம்மாவுக்கும், தேடிய அனைவருக்கும்

அன்பு நண்பர்களுக்கும் அவர்களுடைய பெற்றோருக்கும் வணக்கம்.

நாம் கூடி விளையாடும் மைன்கிராஃப்ட் சர்வர், அதாவது நம் விளையாட்டு உலகம் ஓடும் வாடகைக் கணினி, மீண்டும் கிடைத்துவிட்டது. இணையத்தில் அது இருக்கும் இடத்தைச் சொல்லும் எண்ணான ஐபி முகவரியும், அதற்குள் எந்த வாசல் வழியே நுழைவது என்று சொல்லும் போர்ட் எண்ணும் இப்போது நம் கையில் இருக்கின்றன. நாம் கட்டிய உலகம் ஒரு பிளாக்கூடக் குறையாமல் அப்படியே நிற்கிறது. சர்வருக்கான வாடகையும் செலுத்தப்பட்டுவிட்டது. சர்வரை நமக்காக நடத்திவந்த அண்ணனுக்கு என்ன நேர்ந்தது, அவர் மருத்துவமனையில் சேர்ந்த பிறகு நாம் எப்படித் தவித்தோம் என்பதெல்லாம் உங்கள் எல்லோருக்கும் தெரியும் என்பதால் அவற்றை மறுபடி எழுதப் போவதில்லை. அவர் சாதாரண வார்டுக்கு மாற்றப்பட்டு ஓரிரு சொற்கள் பேசத் தொடங்கியிருக்கிறார் என்ற செய்தியும் இதே வாரத்தில் வந்து சேர்ந்ததால், மனத்தில் இருக்கும் மகிழ்ச்சியில் எது எதற்கானது என்று என்னால் பிரித்துச் சொல்ல முடியவில்லை.

ஒரே ஓர் எண்ணுக்காகவா இத்தனை பேர் இரவெல்லாம் விழித்திருந்தீர்கள் என்று பெற்றோர் சிலர் கேட்டார்கள். கேட்கத்தக்க கேள்விதான், அவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். விளையாட்டில் நாங்கள் தட்டச்சு செய்வது ஒரு பெயரை மட்டுமே. அந்தப் பெயருக்குரிய எண்ணை, இணையத்தின் முகவரிப் புத்தகம் போன்ற டிஎன்எஸ் ஒவ்வொரு முறையும் தேடி எடுத்துக் கொடுத்துவிடுவதால், எண்ணை யாரும் மனப்பாடம் செய்வதில்லை, எழுதி வைப்பதும் இல்லை. அண்ணன் மருத்துவமனையில் இருந்த நாட்களில் டொமைனின், அதாவது பதிவு செய்து வைத்திருந்த அந்தப் பெயரின், கெடு முடிந்துபோகவே, அந்தப் பெயர் பதிவு நிறுவனத்தின் விளம்பரப் பக்கத்தைக் காட்டத் தொடங்கியது. சர்வர் எங்கோ ஒரு தரவு மையத்தில் ஓடிக்கொண்டுதான் இருந்தது. அதை அடையும் வழி அடைபட்டுப் போயிற்று. பொதுவாக இத்தகைய எண்ணைக் கண்டுபிடிப்பது எளிது. விளையாடிக்கொண்டிருக்கும்போதே கட்டளைச் சாளரத்தில் நெட்ஸ்டாட் என்று கொடுத்தாலோ, விண்டோஸின் ரிசோர்ஸ் மானிட்டரைத் திறந்தாலோ, வயர்ஷார்க்கை ஓடவிட்டாலோ, நம் கணினி எந்த எண்ணோடு பேசிக்கொண்டிருக்கிறது என்பது தெரிந்துவிடும். ஆனால் இவை யாவும் இணைப்பு இருக்கும்போது மட்டுமே உதவும்; இணைப்பு அறுந்த பிறகு அவற்றால் பயனில்லை.

ஒரு பெயருக்குரிய எண்ணைக் காட்டும் பிங் கட்டளையை நம் சர்வரின் பெயருக்குக் கொடுத்துப் பார்த்து, எண் கிடைத்துவிட்டது என்று முதல் இரவிலேயே துள்ளிக் குதித்தவர்கள் நம்மில் பலர். அது விளம்பரப் பக்கத்தின் எண் என்று பிறகுதான் விளங்கியது. டிஎன்எஸ் பதிவுகளின் வரலாற்றைச் சேமித்து வைக்கும் தளங்களில் வேறோர் எண் கிடைத்தது. கோடை விடுமுறையில் அண்ணன் சர்வரைப் புதிய இயந்திரத்துக்கு மாற்றினார் அல்லவா, அதற்கு முந்தைய இயந்திரத்தின் எண் அது. இதில் இன்னொரு சிக்கலும் இருந்தது. மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பின் வழக்கமான போர்ட் 25565. நம் சர்வரோ வாடகை இயந்திரத்தில் வேறொரு போர்ட்டில் இயங்கியது. எஸ்ஆர்வி என்னும் டிஎன்எஸ் பதிவு அந்தப் போர்ட்டையும் சேர்த்தே விளையாட்டுக்குச் சொல்லிவந்ததால், நமக்கு அப்படி ஒன்று இருப்பதே தெரிந்திருக்கவில்லை. ஆக, ஐபி முகவரி மட்டும் கிடைத்திருந்தால்கூட நாம் வாசலைக் கண்டுபிடித்திருக்க மாட்டோம்.

நம் கணினிகளில் எஞ்சியிருந்த ஒரே சாட்சி, விளையாட்டு தானாக எழுதி வைக்கும் லாக் கோப்புகள். அவற்றையும் எல்லோரும் தோண்டிப் பார்த்தோம். இணைப்பு வெற்றியாக அமைந்த நாட்களில், நாம் தட்டச்சு செய்த பெயரையும் 25565 என்ற எண்ணையும் மட்டுமே விளையாட்டு எழுதி வைத்திருந்தது. இணைப்பு தோற்றுப்போன நாளில்தான், எந்த எண்ணை, எந்தப் போர்ட்டை அடைய முயன்று தோற்றது என்பதைப் பெயருக்குப் பக்கத்தில் ஒரு சாய்கோடு இட்டு எழுதுகிறது. புதிய பதிப்புகளில் திரையில் தோன்றும் பிழைச் செய்தியில் அந்த எண் மறைக்கப்பட்டுவிடும். லாக் கோப்பில் அது அப்படியே இருக்கும். எனவே நமக்குத் தேவைப்பட்டது, சர்வர் இடம் மாறிய பிறகும் டொமைன் காலாவதியாவதற்கு முன்பும், உள்ளே வர முயன்று முடியாமல் போன ஒருவர். அண்ணன் சர்வரைப் பார்த்துக்கொண்ட அழகில் அப்படி ஒருவரைக் கண்டுபிடிப்பது பெரும்பாடாகிவிட்டது என்பதை அவர் எழுந்து வந்ததும் புகாராகவே சொல்ல நினைத்திருக்கிறேன்.

இனி நான் சொல்லப் போவது, நம்மில் யாருமே நேரில் பார்த்திராத ஓர் அம்மாவைப் பற்றி.

நீட் பயிற்சிக்காக ஹாஸ்டலில் சேர்ந்துவிட்ட நம் தம்பி ஒருவன், கிளம்புவதற்கு முந்தைய மாலை எல்லோரிடமும் விடைபெற உள்ளே வர முயன்றிருக்கிறான். அந்த நேரம் பார்த்து அண்ணன் ஏதோ ஒரு பிளகினை (சர்வரில் சேர்க்கும் கூடுதல் நிரலை) மாற்றுவதற்காக சர்வரை நிறுத்தி வைத்திருந்தார். சொல்லிக்கொள்ளாமலேயே போக வேண்டியதாயிற்று என்று அவனுக்கு அப்போது வருத்தம். ஹாஸ்டலில் செல்பேசிக்கு அனுமதி இல்லை. ஆனால் நம் குழுவிலுள்ள ஒருவருடைய சித்தி மகனும் அதே ஹாஸ்டலில் படிப்பதால், நாம் தேடும் செய்தி அவன் காதுக்கு எட்டியது. ஞாயிற்றுக்கிழமை வீட்டோடு பேசக் கிடைக்கும் சில நிமிடங்களில், தன் சாப்பாட்டைப் பற்றியும் துணிமணியைப் பற்றியும் பேசியிருக்க வேண்டிய அந்தப் பொழுதில், அவன் தன் அம்மாவிடம் என் செல்பேசி எண்ணைக் கொடுத்து, "அந்த அண்ணனுக்கு என் லேப்டாப்ல ஒண்ணு பாத்துச் சொல்லும்மா" என்றிருக்கிறான்.

மறுநாள் காலையில் அந்த அம்மாவே என்னை அழைத்தார். "தம்பி, எம் பையன் அந்தப் பொட்டியில என்னமோ பாக்கணும்னு சொன்னான். என்ன பாக்கணும், சொல்லுங்க" என்று தொடங்கினார். கோவில்பட்டிப் பக்கம் ஒரு சிற்றூரில் தையல் கடை வைத்திருப்பவர் அவர். கையில் இருந்தது பொத்தான் வைத்த சாதாரண செல்பேசி. ஆகவே படம் எடுத்து அனுப்பச் சொல்லவும் வழியில்லை. லேப்டாப்பின் பேட்டரி எப்போதோ போய்விட்டதால் மின்சாரம் இருந்தால்தான் அது இயங்கும். அன்று பார்த்து மாதாந்திரப் பராமரிப்புக்காக மின்சாரத்தை நிறுத்தியிருந்தார்கள். வேண்டாம் அம்மா, பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று நானே சொல்லிவிட்டேன். இரவு கடையைச் சாத்திவிட்டு, சமையலையும் முடித்துவிட்டு அவரே மீண்டும் அழைத்தபோது, அவர் மறந்திருப்பார் என்று எண்ணியிருந்த எனக்குக் கூச்சமாகப் போயிற்று.

அதன் பிறகு நடந்ததை எத்தனை பேரிடம் சொன்னாலும் எனக்கு அலுக்காது. விண்டோஸ் படம் போட்ட பொத்தானையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்தச் சொன்னேன், அழுத்தினார். விழுக்காட்டுக் குறி எங்கே இருக்கிறது என்று நான் விளக்கத் தடுமாறியபோது, "அஞ்சாம் நம்பருக்கு மேல இருக்கே, அதா?" என்று அவரே கேட்டார். ஆப்டேட்டா என்னும் சொல்லை ஒவ்வோர் எழுத்தாகச் சொல்லச் சொல்லத் தட்டச்சு செய்து, மைன்கிராஃப்ட் கோப்புறையைத் திறந்து, அதற்குள் லாக்ஸ் கோப்புறையையும் திறந்துவிட்டார். நான் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தது அடுத்த அடிக்காகத்தான். பழைய லாக் கோப்புகளைத் தேதியிட்டுச் சுருக்கி மூட்டை கட்டிவிடுவது அந்த விளையாட்டின் வழக்கம். கடைசியாக விளையாட்டைத் திறந்த அன்றைய கோப்பு மட்டும் லேட்டஸ்ட் என்ற பெயரில் திறந்தபடியே கிடக்கும். அந்த மாலைக்குப் பிறகு அவன் விளையாட்டை ஒருமுறைகூடத் திறக்கவில்லை. கோப்பின் பக்கத்தில் உள்ள தேதியை வாசிக்கச் சொன்னேன். அவன் ஹாஸ்டலுக்குக் கிளம்பியதற்கு முந்தைய நாள் அது.

கோப்பின் அடிப்பகுதிக்குப் போய், கனெக்‌ஷன் ரெஃபியூஸ்டு என்று தொடங்கும் ஆங்கிலச் சொற்களைத் தேடி, அதே வரியின் முடிவில் சாய்கோட்டுக்குப் பிறகு வரும் எண்களை அவர் ஒவ்வொன்றாக வாசித்தார். புள்ளி வரும் இடத்தில் புள்ளி என்றார். போர்ட் எண்ணுக்கு முன்னால் வரும் குறியை "மேல ஒரு புள்ளி, கீழ ஒரு புள்ளி" என்றார். முழுவதையும் வாசித்து முடித்த பிறகு, நான் கேட்காமலேயே முதலிலிருந்து இன்னொரு முறை வாசித்தார். எதற்கு அம்மா என்று கேட்டதற்கு, "தையக்காரி தம்பி நான். அளவ ரெண்டு தடவ சொல்லிப் பாக்கலேன்னா துணி பாழாப் போயிரும்" என்றார். காலண்டர் தாளின் பின்பக்கத்திலும் எழுதி வைத்திருப்பதாகவும், நாம் தொலைத்துவிட்டால் தன்னைக் கேட்கலாம் என்றும் சொன்னார்.

மகன் இந்த விளையாட்டில் உட்கார்ந்தே படிப்பைக் கோட்டை விட்டுவிடுவானோ என்று பயந்து, ஒரு காலத்தில் இதே லேப்டாப்பைப் பீரோவில் வைத்துப் பூட்டியவர் அவர். இதை அவரே சிரித்துக்கொண்டு சொன்னார். நம்மீது அவருக்குக் கோபம் இருந்திருந்தால் அதில் தவறே இல்லை. ஆனால் அண்ணனின் நிலையைக் கேட்டதும், "யார் பெத்த பிள்ளையோ, நல்லபடியா எந்திரிச்சு வரட்டும்" என்று சொல்லிவிட்டு, பதிலுக்கு ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: மே மாதம் தேர்வு முடியும் வரை அந்த எண்ணை அவர் மகனுக்குக் கொடுக்கக் கூடாது. கொடுக்க மாட்டோம் என்று நம் எல்லோர் சார்பிலும் வாக்குக் கொடுத்திருக்கிறேன். அன்புகூர்ந்து யாரும் ஹாஸ்டலுக்குத் தூது அனுப்பி என் வாக்கைக் கெடுத்துவிடாதீர்கள்.

அந்த எண்ணை நேரடியாக இட்டதும், அண்ணன் எழுதி வைத்திருந்த வரவேற்பு வரியும் பச்சைக் கோடுகளும் திரையில் தோன்றின. நம் பொருள்களும் அப்படியே இருந்தன. அவை நம் கணக்கின் அடையாள எண்ணோடு பிணைந்தவை என்பதால் சர்வரின் பெயர் மாறியதால் அவற்றுக்கு ஒன்றும் ஆகவில்லை. திரையின் மூலையில் தெரியும் சிறு வரைபடமான மினிமேப்பில் குறித்து வைத்த இடங்கள் மட்டும் சிலருக்குக் காணாமல் போயிருக்கும். மினிமேப்பைத் தரும் மாட், அதாவது விளையாட்டோடு சேர்க்கும் கூடுதல் நிரல், தன் குறிப்புகளை சர்வர் முகவரியின் பெயரில் சேமிப்பதால் வந்த வினை அது. பழைய கோப்புறைக்குப் புதிய முகவரியைப் பெயராக வைத்தால் அவை திரும்ப வந்துவிடும்.

எண் கிடைத்ததால் இன்னொரு பெரிய காரியமும் நடந்தது. ஆசிய-பசிபிக் பகுதிக்கான ஐபி எண்களைப் பகிர்ந்தளிக்கும் ஏப்நிக் அமைப்பின் பொதுப் பதிவேட்டில் தேடியதும், அந்த எண்வரிசை எந்த நிறுவனத்துக்கு உரியது என்பது தெரிந்தது. அண்ணன் யாரிடம் சர்வரை வாடகைக்கு எடுத்திருந்தார் என்பதையே அதுவரை நாம் அறியவில்லை. அவருடைய தங்கை அந்த நிறுவனத்துக்கு எழுதியபோது, கணக்கின் கடவுச்சொல்லைத் தர முடியாது, ஆனால் சர்வரின் ஐபி முகவரியைக் குறிப்பிட்டு யார் வேண்டுமானாலும் வாடகையைச் செலுத்தலாம் என்று பதில் வந்தது. முறையான பதில் அதுதான். அண்ணனின் கணக்கு அண்ணனிடமே இருக்கட்டும். வாடகைக்குப் பணம் திரட்டிக் கொடுத்த அனைவருக்கும், சேமிப்பு உண்டியலை உடைத்த அந்த ஆறாம் வகுப்புத் தங்கைக்கும், நெட்ஸ்டாட்டும் வயர்ஷார்க்கும் ஏன் உதவவில்லை என்பதைப் பொறுமையாக விளக்கிய கல்லூரி நண்பர்களுக்கும், சிங்கப்பூரிலிருந்தும் ஷார்ஜாவிலிருந்தும் சோதித்துச் சொன்னவர்களுக்கும், தங்கள் லாக் கோப்புகளை முழுவதும் தேடிவிட்டு ஒன்றும் இல்லை என்று நேர்மையாகச் சொன்ன ஒவ்வொருவருக்கும் என் நன்றி. அந்த "ஒன்றும் இல்லை" வரவில்லை என்றால், நாம் தேட வேண்டிய நாள் எது என்பதே தெளிவாகியிருக்காது. வாடகை நிறுவனங்களின் எண்வரிசைகள் முழுவதையும் ஸ்கேன் செய்து பார்க்கலாம் என்று ஆர்வத்தோடு முன்வந்த இருவருக்கும் நன்றி. நம் பொருளைத் தேடுவதற்காக ஊரார் இயந்திரங்களின் கதவையெல்லாம் தட்டுவது முறையாகாது என்று நான் மறுத்ததில் அவர்களுக்கு வருத்தம் இருக்காது என்று நம்புகிறேன்.

இனி, சர்வரின் ஐபி முகவரியும் போர்ட்டும் வாடகைக் கெடுவும் மூன்று பேரிடம் காகிதத்தில் எழுதப்பட்டு இருக்கும். அந்த மூவரில் ஒருவர் அண்ணனின் தங்கை. சர்வரை வேறு இயந்திரத்துக்கு மாற்றும் ஒவ்வொரு முறையும் காகிதமும் மாறும். டொமைனைப் பொறுத்தவரை, அண்ணன் தன் கணக்கைத் திறக்கும் நிலைக்கு வரட்டும். டாட் காம் பெயர் நீக்கப்பட்ட பிறகும் உரிமையாளர் மீட்டுக்கொள்ள 30 நாள் அவகாசம் உண்டு என்பதால் நம்பிக்கை போய்விடவில்லை. எண்ணை இந்த மடலில் எழுதாததற்குக் காரணம், பொதுவெளியில் கிடக்கும் சர்வர் எண்களைக் குறிவைத்துப் போலி இணைப்புகளைக் கொட்டி முடக்குகிறவர்கள் இருக்கிறார்கள் என்பதுதான். வழக்கமாக விளையாடும் அனைவருக்கும் தனித்தனியே அனுப்பியிருக்கிறேன். இன்னும் வந்து சேராதவர்கள் விளையாட்டில் தாங்கள் பயன்படுத்தும் பெயரைக் குறிப்பிட்டு என்னிடம் கேட்டுப் பெற்றுக்கொள்ளலாம்.

மிகுந்த நன்றியுடன்,
அண்ணன் திரும்பி வரும் வரை சர்வரைப் பார்த்துக்கொள்பவன்